இடப்பிரி

"அந்தப் பக்கம் இல்லலே, இந்தப் பக்கம்!"

"மைனி, கையை எடுங்க. ஒலகத்துல உள்ள ஆணியெல்லாம் எடப்பக்கமா திருப்புனாத்தான் எளகும்..."

"எளகுதா?"

"எளகும்! இன்னும் ரெண்டு அடி..."

"விடிஞ்சதுல இருந்து அடிக்கிய. இறுகிக்கிட்டுல்லா போவுது!"

சத்தியபாய் கொழுந்தன் விஜயதாஸ் கையிலிருந்து சுத்தியலைப் பிடுங்கிக்கொண்டாள். அவன் வேட்டியெல்லாம் கறுப்பு மசகு. கழற்றிய பின்சக்கரம் கடைவாசல் பலகைமேல் கிடந்தது. அதன் பிரிவீல் என்ற பல்சக்கரத்தின் மூடியில் உளி பட்ட வடுக்கள் மினுங்கின.

கொல்லயில் என்ற ஊரின் முக்கில் அந்தக் கடைக்கு 'நேசையன் சைக்கிள் கடை' என்று பலகை. அவள் புருஷன் நேசையன் மூன்று நாளாக லாக்கப்பில். தமிழ்த் தாலுகாக்களைச் சென்னை ராஜ்யத்தோடு சேர்க்க வேண்டும் என்று பாறசாலை ரயிலடியில் கோஷம் போட்டதற்காகப் பிடித்துப் போனார்கள். அவன் தம்பி விஜயதாஸ் வீடு வீடாக ஏறி அதற்கான மனுவில் முந்நூற்றுப் பன்னிரண்டு கையெழுத்து வாங்கித் துணிச்சஞ்சியில் வைத்திருந்தான். எல்லை விசாரிக்க வந்த அதிகாரிகள் பதினொரு மணிவரைதான் நெய்யாற்றின்கரையில் இருப்பார்கள். மறியலால் பஸ் இல்லை. இருந்த ஒரே சைக்கிளோ, பெடலை மிதித்தால் செயின் மட்டும் ஓடியது, சக்கரம் கல்லுப்பிள்ளையாராய் நின்றது.

"பிரிவீலு செத்துப்போச்சு மைனி. புதுசு மாத்தணும். கடையெல்லாம் அடைச்சாச்சு, எங்கின போயி வாங்க? அண்ணனுக்க கை இருந்தா இது ஒரு காரியமா?"

அண்ணனுக்க கை. ஊரே சொல்லும் சொல் அது. நேசையன் பிரிவீலை உள்ளறைக்கு எடுத்துப் போனால் ஊமையாய்ப் போனது பேசிக்கொண்டு வரும் என்பார்கள். உள்ளறையில் யார் இருந்தார் என்று ஒருவரும் கேட்டதில்லை.

"இதுக்கு எண்ணெய் விட்டது ஆரு?"

"நானாக்கும். முந்தாநாளு. நல்லா ஆட்டுன தேங்கெண்ணெய், கை நெறைய."

சத்தியபாய் அடுக்களைக்குப் போய் ஒரு குப்பியைக் கொண்டுவந்து அவன் முன்னால் தலைகீழாகக் கவிழ்த்துக் காட்டினாள். டிசம்பர் குளிரில் எண்ணெய் வெள்ளைக் கட்டியாக உறைந்திருந்தது. ஒரு துளி விழவில்லை.

"இதுதான் உள்ளயும் கெடக்கு. பிரிவீலுக்கு என்ன, தலையா காயுது, தேங்கெண்ணெய் தேய்க்க?"

அவள் உளியை மூடியின் குழியில் வைத்து வலப்பக்கமாகத் தட்டினாள்.

"மைனி, அது இறுகும்! மனு போச்சு!"

"மூடிக்கு மரை இடப்பிரியாக்கும். வலத்தோட்டு போனாத்தான் எளகும். நாட்டைப் பிரிக்க நடக்கியவனுக்கு ஒரு மூடிக்க பிரி அறிஞ்சூடா!"

மூன்றாம் தட்டில் மூடி இளகியது. கிண்ணத்துக்குமேல் கவிழ்த்ததும் குண்டுமணிகள் கலகலவென்று கொட்டின. நடுவில், சக்கரத்தைப் பிடித்துத் தள்ளவேண்டிய இரண்டு சிறு நாக்குகளும் வெள்ளை எண்ணெயிலும் செம்மண்ணிலும் மடங்கி ஒட்டிக் கிடந்தன. மண்ணெண்ணெயில் எல்லாவற்றையும் கழுவினாள். நாக்குகளுக்குத் தையல் மெஷின் எண்ணெய், ஒரு சொட்டு. குண்டுகள் உருளாதிருக்க மட்டும் கொஞ்சம் கிரீஸ் தடவி ஒவ்வொன்றாகப் பதித்தாள்.

பிறகு சேலைத் தலைப்பில் ஒரு நூலை உருவி, மடக்கிய நாக்குகளைச் சுற்றி, இழுத்தால் அவிழும்படி கட்டினாள். பல்வளையத்தை மேலே இறக்கினாள். நூலின் நுனியைப் பிடித்து இழுத்தாள். உள்ளே நாக்குகள் இரண்டும் துள்ளி எழுந்த சத்தம் விஜயதாஸுக்கும் கேட்டது.

"மைனி, இதை அண்ணன் சொல்லித்தந்ததா?"

"ஒனக்க அண்ணனுக்கு வெரலு ஒவ்வொண்ணும் நேந்திரங்காய். அந்தக் குண்டு அவருக்க கையில நிக்குமா?"

மூடியை இடப்பக்கமாக முறுக்கிச் சக்கரத்தை மாட்டும்போது, பெருங்கடவிளைப் பள்ளிக்கூடத்து சதாசிவன் சார் தன் சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார். ஐக்கிய கேரளத்துக்கு மேடை ஏறிப் பேசுகிறவர். பல்சக்கரம் டிக் டிக் டிக் என்று ஓடுவதைக் காது சாய்த்துக் கேட்டார்.

"நேசையனை விட்டாச்சா? இது அவன்றெ கை அல்லே?"

"அண்ணன் போறதுக்கு முந்தியே செய்து வச்சதாக்கும் சாரே," என்றான் விஜயதாஸ் அவசரமாக. அண்ணனின் பெயரைத் தாங்கிப் பிடிக்கிற அவசரம்.

சத்தியபாய் கையைத் துடைத்தாள். ஒன்பது வருஷம் உள்ளறையில் இருந்த சொல் வாசலுக்கு வந்தது.

"இல்ல சாரே. நானாக்கும். இதுவும், இதுக்கு முந்தி வந்தது எல்லாமும்."

சார் அவள் முகத்தைப் பார்த்தார். கிண்ணத்தையும் கறுத்த நூலையும் பார்த்தார். தன் சைக்கிளைக் கடைச்சுவரில் சாய்த்தார்.

"எனக்க பிரிவீலும் நழுவுது. இவன் அந்தச் சஞ்சியில எங்களுக்கு ஆப்பு கொண்டு போறான்னு அறியும். ஆனாலும் சைக்கிளு சத்தியபாய்க்க கையில தான் விடணும்."

விஜயதாஸ் சஞ்சியைத் தோளில் மாட்டிக்கொண்டு ஏறி உட்கார்ந்தான். ஒரு மிதி, சக்கரம் பிடித்தது. அவள் ஹேண்டிலைப் பிடித்து நிறுத்தினாள்.

"அந்த மனுவை எடு."

"மணி ஒம்பதரை ஆச்சு மைனி!"

"எத்திருவ. எனக்க பேருக்கு நேரே தொழிலுன்னு என்ன எழுதுன?"

அவன் தாளைப் புரட்டினான். குரல் இறங்கியது. "சத்தியபாய், நேசையன் மனைவி. வீட்டு வேலை."

சத்தியபாய் சதாசிவன் சாரின் சட்டைப்பையைப் பார்த்தாள்.

"சாரே, அந்த வரியை ஒண்ணு வெட்டி எழுதணும். ஒங்க பேனாவைத் தருவியளா?"