ஆறு மணி நாலு நிமிடம், மூன்று அடி

பூஜ்ஜியத்துக்குக் கீழே பன்னிரண்டு டிகிரி குளிரில் முயல் குடிக்கிற தண்ணீர் ஒரு மணி நேரத்துக்குள் கல்லாகிவிடும். இது எனக்குத் தெரியும், என் இரண்டு முயல்களுக்கும் தெரியும். மாடியில் குடியிருக்கும் வென்ட்ரிஷுக்கு மட்டும் அது ஒரு பொருட்டே இல்லை.

கெம்னிட்ஸ் என்ற ஜெர்மன் நகரத்தில் எங்கள் குடியிருப்பின் பின்முற்றத்தில், வைக்கோல் திணித்த மரக்கூண்டில் என் முயல்கள் முக்கெலும் ஃப்ளொக்கெயும் ஐந்து வருடமாக இருக்கின்றன. போன வருடம்வரை ட்ராம் ஓட்டியவள் நான். எனக்குப் பிள்ளை குட்டி கிடையாது. இந்த இரண்டும்தான்.

நான் செய்து பார்க்காத வித்தை இல்லை. தண்ணீர்ப் புட்டிக்குக் கம்பளிக் காலுறை மாட்டினேன். புட்டி சுகமாக இருந்தது, முனைக்குழாய் உறைந்துபோனது. பந்து ஒன்றை மிதக்கவிட்டால் தண்ணீர் உறையாது என்றார் கடைக்காரர். பந்தும் சேர்ந்து உறைந்தது. மின்சார வெப்பத்தட்டு வைக்கலாமென்றால், முற்றத்தின் குறுக்கே வயர் இழுக்கக் கூடாது என்று படிக்கட்டு அறிவிப்புப் பலகையில் ஒரு விதி. கடைசியில் பழைய எனாமல் கிண்ணமும் சுத்தியலும்தான் கைகொடுத்தன. காலை ஆறு மணிக்கு ஐஸைத் தட்டி உதிர்த்துவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீர் ஊற்றுவேன். படுக்கப் போகும்வரை அதே வேலை.

கிறிஸ்துமஸ் முடிந்த மறுவாரம் வென்ட்ரிஷ் கதவைத் தட்டினார். கையில் கோடு போட்ட நோட்டு.

“காலைல ஆறு மணி நாலு நிமிஷம், மூணு அடி. ஏழேகால், ரெண்டு அடி. ஞாயித்துக்கிழமையக்கூட விட்டு வைக்கல நீங்க. ஞாயித்துக்கிழமை சத்தம் போடக் கூடாதுன்னு விதி இருக்கா இல்லையா?”

“ஞாயித்துக்கிழமை தண்ணி உறையக் கூடாதுன்னும் ஒரு விதி எழுதி மாட்டுங்க, மிஸ்டர் வென்ட்ரிஷ். அப்புறம் நான் ஏன் தட்டப்போறேன்?”

அதையும் எழுதிக்கொண்டார் மனிதர்.

அடுத்த வாரமே வீட்டு நிர்வாகத்திடமிருந்து கடிதம்: சத்தம் தொடர்ந்தால் கூண்டை அகற்ற வேண்டும். குளிருக்கென்று ரோமம் வளர்த்துக்கொண்ட முயல்களைத் திடீரென்று சூடான வீட்டுக்குள் அடைக்க முடியாது. கூண்டு போனால் அவையும் யார் வீட்டுக்கோ போகும். அன்றே கடைக்குப் போய் இரண்டு ரப்பர் கிண்ணங்கள் வாங்கினேன். உறைந்ததை எடுத்துவந்து சமையலறைத் தொட்டியில் போட்டுவிட்டு, மற்றதை நிரப்பிக்கொண்டு போய் வைப்பேன். ஒரு சின்னச் சத்தம் கிடையாது. முதலிலேயே இது தோன்றியிருக்க வேண்டும். கோபம் வந்தால் எனக்கு மூளை வேலை செய்யாது.

பன்னிரண்டு நாள் நிம்மதி. பிறகு நகரத்தின் கால்நடை அலுவலகத்திலிருந்து டாக்டர் ரெய்ஷல் என்ற பெண்மணி வந்து நின்றார். முயல்களுக்கு யாரும் தண்ணீர் வைப்பதில்லை என்று புகாராம். உண்மையென்றால் அன்றே தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். புகார் கொடுத்தவர் நோட்டும் கையுமாகப் படியிறங்கி வந்தார்.

“பன்னெண்டு நாளா சத்தமே இல்லைங்க. தட்டலைன்னா ஐஸ் உடைக்கல. உடைக்கலைன்னா தண்ணி இல்ல. இதுல சந்தேகம் என்ன இருக்கு?”

டாக்டர் கையுறையைக் கழற்றி ரப்பர் கிண்ணத்தில் விரலை விட்டார். “வெதுவெதுன்னு இருக்கே!” நான் காட்டிய நிர்வாகக் கடிதத்தைப் படித்துவிட்டு, நோட்டை வாங்கிப் புரட்டினார்.

“தண்ணி மாத்துறாங்கன்னு முதல்ல ஒரு புகார், மாத்தலைன்னு இப்ப ஒரு புகார். இவங்க எவ்வளவு நல்லா பாத்துக்கிறாங்கங்கிறதுக்கு இதவிட நல்ல சாட்சி எனக்குக் கெடைக்காது, மிஸ்டர் வென்ட்ரிஷ். முயல் இங்கதான் இருக்கும். தண்ணி குடுக்கறப்ப கொஞ்சம் சத்தம் வந்தா வந்துட்டுப் போகுதுன்னு நிர்வாகத்துக்கு நானே எழுதறேன்.”

எனக்குக் கைதட்ட வேண்டும்போல இருந்தது. டாக்டர் இன்னும் புரட்டிக்கொண்டிருந்தார்.

“டிசம்பர் இருபத்திநாலு. சாயங்காலம் ஆறு பத்து, ரெண்டு அடி. எட்டு அஞ்சு, மூணு அடி. ஊரே கிறிஸ்துமஸ் கொண்டாடுற சாயங்காலமும் வீட்லயேவா இருந்தீங்க?”

“ஆமா.”

“யாரும் வரலையா?”

வென்ட்ரிஷ் நோட்டுக்குக் கையை நீட்டினார். அதற்குள் கடைசிப் பக்கங்கள் என் கண்ணில் பட்டுவிட்டன. ஆறு மணி, சத்தம் இல்லை. ஆறு இருபது, சத்தம் இல்லை. ஏழேகால், சத்தம் இல்லை. பன்னிரண்டு நாளும் அப்படியே, அழகான கையெழுத்தில்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஜெயித்த அன்றைக்கே அந்த ஆளுக்காக வருத்தப்பட வேண்டியதாகிவிட்டதே! நானும் அன்று தனியாகத்தான் உட்கார்ந்து உருளைக்கிழங்கு சாலடும் சாசேஜும் சாப்பிட்டேன். ஆனால் முற்றத்தில் எனக்காக இரண்டு ஜீவன்கள் காத்துக்கொண்டிருந்தன. அவருக்கு என் சுத்தியலைத் தவிர யார் இருந்தார்கள்?

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. முந்தின இரவே ரப்பர் கிண்ணங்களை எடுத்துவிட்டு எனாமல் கிண்ணத்தை வைத்திருந்தேன். காலை ஆறு மணிக்கு சுத்தியலோடு முற்றத்தில் நின்றேன். ஐஸ் உதிர இரண்டு அடி போதும். நான் ஏழு அடித்தேன். எழுதிக்கொள்ளட்டும்.