பல்லக்கு சாய்ந்த மூலை

விலைமதிக்க முடியாத அந்த மரத்துக்கு நோகு ராம் சொன்ன விலை இரண்டு லட்சம். வாங்க வந்த சண்டிகர்க்காரர் "சரி" என்று சொல்லிவிட்டார். வினை அங்கேதான் ஆரம்பித்தது.

இரண்டு லட்சம் என்பது விலையே அல்ல. கேட்கிறவன் வாயை அடைக்க நோகு ராம் வைத்திருந்த கல். பஞ்சார் சாலையில் இருக்கிற அவன் நாற்றங்காலுக்கு ஆப்பிள் கன்று வாங்க வருகிற எவனும், மூலையில் கல்மேடை மேல் இருக்கும் குட்டைத் தேவதாருவைப் பார்த்து ஒரு நிமிஷம் நிற்பான். காட்டில் அதன் சாதிசனமெல்லாம் அண்ணாந்து பார்த்தால் தொப்பி விழுகிற உயரம். இது முழங்கால் உயரம்கூட இல்லை. ஆனால் அடிமரம் ஆள் கணுக்கால் பருமன், பட்டை முழுக்க வெடிப்பு, தட்டுத் தட்டாகக் கிளை, நுனியெல்லாம் லேசாகத் தொங்கி, ஊசி இலைகளில் ஒரு நீல வெள்ளி.

அதை முதலில் குட்டையாக்கியது நோகு ராம் அல்ல, அவன் வீட்டு ஆடு. சொந்தப் புல்சரிவில் வருஷா வருஷம் துளிரைக் கடித்துக் கடித்து, வளரவும் விடாமல் சாகவும் விடாமல் முடிச்சாக்கி வைத்திருந்ததை, கல்யாணமான வருஷம் நோகு ராம் தோண்டித் தொட்டியில் வைத்தான். அன்றிலிருந்து துளிரைக் கிள்ளுவது அவன் வேலை. கத்தரிக்கோல் படக்கூடாது, பட்டால் ஊசி நுனி பழுத்துவிடும். விரலால்தான் கிள்ள வேண்டும். மனைவி சௌணியின் கையைப் பிடித்ததைவிட அந்தக் கிளையைப் பிடித்த நேரம் அதிகம் என்பது சௌணியின் புகார்.

அப்படிப்பட்ட மரத்துக்கு இரண்டு லட்சம் சொன்னதும் ஒருவன் பையைத் திறக்கிறான் என்றால் என்ன அர்த்தம்? நோகு ராமின் அப்பா குல்லு சந்தையில் கம்பளி விற்றவர். விலை சொன்னால் பாதிக்குக் கேட்பவன் மனிதன் என்பது அந்த வீட்டில் பால்குடி மறப்பதற்கு முன்பே தெரிகிற விஷயம். இந்த பவேஜா என்கிற ஆள் பாதிக்குக் கேட்கவில்லை. முகம் சுளிக்கவில்லை. போகிற மாதிரி நடிக்கக்கூட இல்லை.

"விக்கிறதுக்கில்ல," என்றான் நோகு ராம்.

"நீங்கதானே விலை சொன்னீங்க?"

"விலை சொன்னேன். விக்கிறேன்னு சொன்னேனா?"

பவேஜா மரத்தை ஒருமுறை சுற்றிவந்து பார்த்துவிட்டுப் போய்விட்டார். சண்டைகூடப் போடவில்லை. அது சந்தேகத்துக்கு இன்னொரு காரணம்.

மறுநாள் அவருடைய வெள்ளைக் கார் கார்தார் தாபே ராம் வீட்டு வாசலில் நின்றதை நோகு ராம் தன் கண்ணாலேயே பார்த்தான். கார்தார் என்றால் ஊர் தேவதாவின் காரியஸ்தர். நிலம், நகை, பல்லக்கு, வரவு, செலவு எல்லாம் அவர் கையில். கார் அரை மணி நேரம் நின்றது. அரை மணி நேரத்தில் என்னவெல்லாம் பேசலாம் என்று நோகு ராம் இரண்டு நாள் யோசித்தான்.

மூன்றாம் நாள் பனி கொட்டியது. பருவத்துக்கு முந்திய ஈரப்பனி, கனமானது. தேவதாவின் தோப்பில் ஒரு பெரிய தேவதாரு வேரோடு சாய்ந்தது. அந்தத் தோப்பில் விழுந்த மரத்தை யாரும் தொடுவதில்லை. கிடந்து மண்ணாக வேண்டியதுதான். ஆனால் விழுந்த இடத்தில் புதிதாக ஒன்று நட வேண்டும், அது யார் வீட்டிலிருந்து வரவேண்டும் என்பதைத் தேவதாவே பல்லக்கைச் சாய்த்துக் காட்டுவார். அதுவும் மார்கழி பிறப்பதற்குள். மார்கழி பிறந்துவிட்டால் அவர் சொர்க்கத்துக்குப் போய்விடுவார், கோயில் கதவு சாத்திவிடும், மாசி வரைக்கும் யாரும் எதையும் கேட்க முடியாது.

பல்லக்கு ஊரைச் சுற்றிவந்து நேராக நாற்றங்காலுக்குள் நுழைந்தது. கொம்பும் முரசும் காதைப் பிளந்தன. பல்லக்கில் பதித்த தேவதாவின் வெள்ளி முகங்கள் குலுங்கின. சுமந்தவர்கள் தோளில் பல்லக்கு ஆடியது, திரும்பியது, சட்டென்று மூலைப் பக்கம் சாய்ந்தது. கல்மேடையும், மேலே குட்டை மரமும், பின்னால் பாலிதீன் பைகளில் வரிசையாக வழக்கமான தேவதாருக் கன்றுகளும் இருக்கிற அதே மூலை.

எல்லோரும் கும்பிட்டார்கள். நோகு ராமும் கும்பிட்டான். ஆனால் அவன் கண் தேவதாவிடம் இல்லை, சுமந்தவர்களின் தோளில் இருந்தது. முன்பக்கம் இடது தோள் யாருடையது? கார்தாருடைய தங்கை மகன் துலேயுடையது. தள்ளினானா, தள்ளப்பட்டானா?

"பாத்துக்கிட்டியா நோகு?" என்றார் கார்தார். "அந்த மூலையிலிருந்து ஒண்ணு. நாளன்னைக்கே நட்டுடணும்."

எது என்று நோகு ராம் கேட்கவில்லை. வியாபாரத்தில் பொருளின் பெயரை முதலில் எடுத்தவன் தோற்றான். "சரி கார்தார்ஜீ," என்று மட்டும் சொன்னான்.

வீட்டுக்கு வந்ததும் பொங்கிவிட்டான். "காருக்காரனும் கார்தாரும் பேசி வெச்சுக்கிட்டாங்கடி. காசு குடுத்தா நான் தரமாட்டேன்னு தேவதாவ விட்டுக் கேக்குறாங்க. தோப்புல நடுவானுங்க, நாலு நாள் கழிச்சு மரம் சண்டிகர் போயிடும்."

சௌணி ரொட்டி தட்டிக்கொண்டிருந்தாள். "தேவதா கேட்டத குடுத்துட்டுப் போங்களேன்."

"தேவதா கேட்டா குடுப்பேன். துலேயோட தோள் கேட்டா?"

நோகு ராமிடம் இன்னொரு குட்டைத் தேவதாரு இருந்தது. அதுவும் ஆடு கடித்ததுதான், ஆனால் வயதில் பாதி. வெடிப்பு குறைவு, தட்டு குறைவு. அதைத் தம்பி என்று கூப்பிடுவான். தம்பியின் அடியில் பாசி ஒட்டி, பெரிய மரத்தின் தொட்டிக்கு மாற்றினான். பெரியதை எங்கே ஒளிப்பது? வீட்டின் கீழ்த்தளத்தில், மாடுகளும் சம்பி என்கிற ஆடும் கட்டியிருக்கிற தொழுவத்தில், வைக்கோலுக்குப் பின்னால்.

"வெயில் இல்லாம அது என்னத்துக்கு ஆகும்?" என்று கேட்டாள் சௌணி.

"நாலு நாள்தானே. விஷயம் ஆறட்டும்."

நடுகிற அன்று எல்லோரும் செருப்பையும் தோல் பெல்ட்டையும் வெளியே விட்டுவிட்டுத் தோப்புக்குள் போனார்கள். உள்ளே பேச்சு கூடாது, இருமல் வந்தால்கூட வெளியே போய் இருமிவிட்டு வரவேண்டும். நோகு ராம் தொட்டியை இறக்கினான். கார்தார் தொட்டியைப் பார்த்தார். நோகு ராமைப் பார்த்தார். மறுபடி தொட்டியைப் பார்த்தார். வாயைத் திறந்தார், மேலே நிற்கும் மரங்களைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டார்.

கண்டுபிடித்துவிட்டான் கிழவன் என்று நோகு ராம் நினைத்தான். ஆனால் தம்பி மண்ணில் இறங்கியது. அடுத்த நாள் தேவதா சொர்க்கத்துக்குப் புறப்பட்டுப் போனார்.

அதற்குப் பிறகுதான் நோகு ராம் எதிர்பார்க்காதது நடந்தது. ஊர் அவனைப் புகழ ஆரம்பித்தது.

"ரெண்டு லட்சத்த மண்ணுல வெச்ச மனுசன்யா!" என்றான் டீக்கடைக்காரன், காசு வாங்க மறுத்து. போகிற வீட்டிலெல்லாம் நெய் ஒழுகும் சித்துக் கொழுக்கட்டை, குடிக்க லுக்டி என்கிற அரிசிக் கள். கல்யாண வீட்டில் முன்வரிசையில் உட்காரவைத்து அவன் தொப்பியில் சாமந்திப்பூ செருகினார்கள். துலே காலைத் தொட்டுக் கும்பிட்டான்.

கிண்டல் செய்கிறார்கள் என்று நோகு ராம் நிச்சயமாக நம்பினான். தெரிந்துகொண்டே புகழ்கிறார்கள், நானாகவே உளறட்டும் என்று காத்திருக்கிறார்கள். ஒருநாள் விட்டு ஒருநாள் தோப்பு வேலிவரை போய் எட்டிப் பார்த்தான். தம்பி அங்கேயே இருந்தது. யாரும் திருடவில்லை. திருடாததும் தந்திரமாகவே பட்டது.

இதில் மாட்டிக்கொண்டது பெரிய மரம். ஊரே அது தோப்பில் இருப்பதாக நம்பும்போது அதை எந்த மேடையில் வைப்பது? நாலு நாள் என்பது மார்கழி முழுக்க ஆயிற்று, தையும் ஆயிற்று. வெளியே பனி. உள்ளே மாடுகளின் மூச்சுச் சூடு. வசந்தம் வந்துவிட்டதாக நினைத்து மரம் தை மாதத்திலேயே துளிர்விட்டது. வெளிச்சம் காணாத துளிர், சாதம் மாதிரி வெளுத்து, நீண்டு. உள்கிளை ஊசிகள் பழுத்துக் கொட்டின. நோகு ராம் விளக்கோடு போய்ப் பார்ப்பான், கையை நீட்டுவான், எதைக் கிள்ளுவது என்று தெரியாமல் திரும்பிவருவான்.

"வெளிய வைங்க," என்றாள் சௌணி.

"ஊர் காறித் துப்பும்."

"துப்பினா தொடச்சுக்கலாம். இது செத்தா?"



மாசியில் தேவதா திரும்பினார். விருந்தில் கார்தார் நோகு ராமின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். இரண்டு கிண்ணம் லுக்டி இறங்கியிருந்தது.

"நோகு, ரொம்ப நாளா கேக்கணும்னு. தப்பா நெனைக்காத. அன்னைக்கு நீ ஏன் அந்தக் குட்டைய கொண்டாந்த?"

நோகு ராமுக்குக் கையிலிருந்த சித்து வாய்க்குப் போகவில்லை. "ஏன்னா? தேவதா கேட்டாரே?"

"தேவதா மூலையத்தானே காட்டினாரு. பையில வெச்சிருந்தியே, பத்து ரூபா கன்னு, அதுல ஒண்ணு எடுத்துட்டு வருவேன்னு நெனச்சேன். ஆகாசத்துக்கு நிக்க வேண்டிய மரம்யா தோப்பு மரம். முழங்கால் மரத்த யாராவது கேப்பாங்களா? தோப்புல பேசக்கூடாது, இல்லாட்டி அங்கயே திருப்பி அனுப்பியிருப்பேன். அப்புறம் ஊரே உன்னத் தலையில தூக்கி வெச்சு ஆடுது. நான் எங்க சொல்ல?"

நோகு ராம் கடைசிக் கயிற்றைப் பிடித்தான். "அந்த சண்டிகர்க்காரன் உங்க வீட்டுக்கு வந்தானே? அரை மணி நேரம்?"

"அவனா! அக்ரூட்டுக் கொட்டை வாங்க வந்தான். கிலோவுக்கு அஞ்சு ரூபா கொறைக்கச் சொல்லி அரை மணி நேரம் உயிர எடுத்துட்டான். அப்படி ஒரு கஞ்சன் நம்ம பக்கம்கூட கெடையாது."

மரத்துக்கு மட்டும்தான் பேரம் பேசவில்லை அந்த ஆள்.

நோகு ராம் எழுந்தான். இலையில் பாதி அப்படியே இருக்க, சரிவில் இறங்கி வீட்டுக்கு ஓடினான். தொழுவக் கதவைத் திறந்தபோது சம்பி கயிற்றை அறுத்துக்கொண்டு வைக்கோலுக்குப் பின்னால் நின்றது. வாய் அசைந்துகொண்டிருந்தது. அதன் கொள்ளுப்பாட்டி எங்கே நிறுத்தினாளோ அங்கிருந்து தொடர்ந்திருந்தது. இடது பக்கம் மொட்டை.

அடிக்கக் கை ஓங்கினான். பிறகு கையை இறக்கிவிட்டுத் தொட்டியைத் தூக்கினான். பகல் வெளிச்சத்தில், விருந்து முடிந்து ஊரே நடந்துவரும் பாதையில், மதில்மேல் வைத்தான். உறைபனி விழுந்தால் போர்த்தக் கம்பளியை எடுத்து வந்து பக்கத்திலேயே உட்கார்ந்தான்.

முதலில் துலே வந்தான். நின்றான். தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தான். பின்னால் கார்தார். சௌணியும் வந்து இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"இது... அதுவா?" என்றார் கார்தார்.

"அதான்."

"அப்ப தோப்புல இருக்கிறது?"

"தம்பி."

கார்தார் சிரிக்க ஆரம்பித்தார். சிரித்து, இருமி, மதிலைப் பிடித்துக்கொண்டு, மறுபடி சிரித்தார். பிறகு வரவு செலவு பார்த்தே பழகிய மனிதர் என்பதால் விரலை மடக்கினார்.

"தேவதா கேட்டது ஒரு கன்னு. நீ நட்டது ஒரு குட்டை. நட்டத பிடுங்க முடியாது, அது தேவதாவோட வரவு. கன்னு உன் பாக்கி, நாளைக்கு வந்து பக்கத்துல நடு. அப்புறம் ஊரோட கணக்கு. ரெண்டு லட்சம் குடுத்தவன்னு நெனச்சுப் போட்ட சித்து, டீ, மூணு குடம் லுக்டி. அத்தனையும் ஒரு விருந்தா திருப்பிப் போடு."

"பூ?" என்றான் துலே. "தொப்பியில பூ வெச்சோமே?"

"பூ வாடிப்போச்சு, தள்ளு."

"ஆட்டுக்கு அரை மரம்," என்றாள் சௌணி. "அத யார் கணக்குல எழுதுறது?"

"உன் புருசன் கணக்குல."

நோகு ராம் கம்பளியை மரத்தின்மேல் மெதுவாக இழுத்துவிட்டான். வலது பக்கக் கிளையில் விரலை வைத்துப் பார்த்தான். ஊசிகள் இன்னும் குத்தின. பிறகு தலையைத் தூக்கி, கண்ணைச் சுருக்கி, கார்தாரைப் பார்த்தான்.

"மூணு குடம்னீங்களே, எப்படி மூணு? நான் குடிச்சது ரெண்டரை. மிச்ச அரைக் குடம் யார் வீட்டுக்குப் போச்சு?"