மாறாத தவணை

திரைச்சீலைத் துணி விற்கிறவர்களுக்கு ஒரு ரகசியம் தெரியும். வாங்க வருகிறவர் மீட்டர் விலையில்தான் கண்ணை வைத்திருப்பார். முந்நூறு என்றால் இருநூற்றைம்பதுக்குக் கேட்பார். எழுந்து போவதுபோல் இரண்டு தடவை போக்குக் காட்டுவார். இருநூற்று எழுபதில் வந்து நிற்பார். நானும் தலையில் கை வைத்துக்கொண்டு, "உங்க முகத்துக்காகக் குடுக்கிறேன்" என்பேன். அதற்குப் பிறகுதான் ஜன்னல் அளவைக் கேட்பேன். "மடிப்பு நல்லா விழணும்னா அகலத்துல ரெண்டரைப் பங்கு துணி வேணும்ங்க." இரண்டு பங்கே தாராளம். ஆனால் அவர் மறுபேச்சுப் பேசமாட்டார். விலையில் ஜெயித்த மனிதர் நீளத்தைச் சந்தேகப்படுவதில்லை. இருபத்தெட்டு வருடமாக என் கடை அந்த அரைப் பங்கில்தான் ஓடிக்கொண்டிருக்கிறது.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலை கடையைத் திறக்காமல் வங்கிக்குப் போனேன். வீட்டுக் கடனின் நூற்றெண்பதாவது தவணையை ஐந்தாம் தேதியே கட்டியாகிவிட்டது. பதினைந்து வருடக் கடன். பதினைந்து வருடம் முடிந்தது. பத்திரத்தைக் கையில் வாங்குவதுதான் பாக்கி. பத்திரம் கைக்கு வந்த நிமிடமே மனைவிக்குப் போன் பண்ண வேண்டும். அவள் அன்றே ராஜினாமாக் கடிதம் கொடுப்பாள். அதுதான் எங்கள் ஒப்பந்தம்.

அவள் நர்ஸ். ஆறு மணி நேர ரயில் தூரத்தில் ஒரு பெரிய மருத்துவமனையில் வேலை. சம்பளம் இங்கே வாங்கியதைப்போல் இரண்டு மடங்கு. அந்தச் சம்பளம் தவணைக்கு, கடை வருமானம் சாப்பாட்டுக்கு என்று பேசிக்கொண்டு ஒன்பது வருடத்துக்கு முன்னால் போனாள். நர்ஸ்கள் விடுதியில் இன்னொருத்தியோடு ஓர் அறை. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை இரண்டு நாள் வருவாள். வந்தால் முதல் நாள் துணி துவைப்பாள், இரண்டாம் நாள் தூங்குவாள். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. "கடன்தான் நம்ம ஒத்தைப் பிள்ளை. மாசாமாசம் அஞ்சாம் தேதி வாயைத் திறந்துக்கிட்டு வந்து நிக்குது பாரு" என்று நான் சொன்னால் முதலில் சிரிப்பாள். பிறகு சிரிப்பதை நிறுத்திவிட்டாள். ஒரே ஜோக்கை ஒன்பது வருடம் விற்றால் எந்தச் சரக்கும் பழசாகிவிடும்.

வீட்டில் நான்கு அறைகள். நான் புழங்குவது ஒன்றரை. சமையலறையில் அடுப்பின் நான்கு வாய்களில் ஒன்றுதான் கறுத்திருக்கும். விருந்தாளி அறையின் மெத்தை, கடையிலிருந்து வந்த பிளாஸ்டிக் உறையோடு இன்னும் கிடக்கிறது. மளிகைக்கடைக்காரர் என்னைப் பார்த்ததும் கேட்காமலே கால் கிலோப் படிக்கல்லை எடுத்து வைப்பார். அது மரியாதை இல்லை என்று எனக்குத் தெரியும்.

வங்கியில் கடன் பிரிவில் ஒரு சின்னப் பெண் உட்கார்ந்திருந்தாள். கண்ணாடி, நெற்றியில் தொங்கும் முடி, மேசையில் பாதி சாப்பிட்ட பிஸ்கட் பாக்கெட்.

"பத்திரம் வாங்கணும்மா. கடன் முடிஞ்சது" என்றேன். கல்யாணப் பத்திரிகை வைக்கிற குரல் எனக்கே கேட்டது.

அவள் கடன் எண்ணைக் கணினியில் தட்டினாள். திரையைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடி திரையைப் பார்த்தாள்.

"சார், முழுசாக் கட்டி முடிக்கிறீங்களா? காசோலையா?"

"எதுக்குக் காசோலை? கடைசித் தவணை அஞ்சாம் தேதியே போயிடுச்சே."

"இன்னும் எண்பது தவணை இருக்கு சார்."

சிரித்தேன். துணிக்கடையில் முதல் விலை கேட்டதும் எல்லோரும் சிரிப்பார்களே, அந்தச் சிரிப்பு. "இந்தாம்மா, வேற யாரோட கணக்கையோ பார்க்கிறே. நான் நூத்தியெண்பது கட்டிட்டேன். ஒண்ணுகூடத் தவறலை."

"ஒண்ணுகூடத் தவறலைன்னு இங்கேயும் இருக்கு சார். ரொம்ப நல்ல கணக்கு." அவள் திரையை என் பக்கம் திருப்பினாள். "மூணாவது வருஷம் வட்டி ஏறுச்சு, ஞாபகம் இருக்கா? ஒன்பது சதவீதம், பன்னிரண்டே கால் ஆச்சு."

ஞாபகம் இருக்காவா! என் வாழ்க்கையிலேயே நான் பேசிய பெரிய பேரம் அது.

அப்போது வங்கியிலிருந்து கடிதம் வந்தது. வட்டி ஏறியதால் மாதத் தவணை இருபதாயிரத்து இருநூற்று எண்பத்தைந்திலிருந்து மூவாயிரத்து நானூறு கூடும் என்று. கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு நேராக மேனேஜர் அறைக்குப் போனேன். பழைய மேனேஜர், பருத்த மனிதர், நல்ல பேச்சுக்காரர். ஒரு மணி நேரம் பேசினேன். பழைய வாடிக்கையாளர் என்றேன். வேறு வங்கிக்கு மாற்றிவிடுவேன் என்றேன். எழுந்து கதவு வரை போய்த் திரும்பி வந்தேன். அவர் பெருமூச்சு விட்டார். "சரி சார், உங்களுக்காக. தவணை ஒரு பைசா ஏறாது. இங்கே ஒரு கையெழுத்துப் போடுங்க" என்று ஒரு தாளை நீட்டினார். போட்டேன். வெளியே வந்து அங்கேயே நின்று மனைவிக்குப் போன் பண்ணினேன். அப்போது அவள் இதே ஊரில்தான் வேலை பார்த்தாள். "சிஸ்டர், பேங்க்கையே மடக்கிட்டேன்!" என்றேன். நோயாளிகள் கூப்பிடுவதுபோல் அவளை சிஸ்டர் என்றுதான் கூப்பிடுவேன். "கடைக்காரரே, உங்ககிட்ட மாட்டினா யமனே விலையைக் குறைப்பான்" என்றாள். அன்று மாலை வெளியே சாப்பிட்டோம்.

"அப்போ நீங்க கையெழுத்துப் போட்ட தாள் இதுதான் சார்" என்றாள் அந்தப் பெண். என் கையெழுத்து திரையில் பெரிதாக, வாலைச் சுழற்றிக்கொண்டு நின்றது. "தவணையை ஏத்தாம, காலத்தை நீட்டச் சம்மதிக்கிறேன்னு எழுதியிருக்கு. நூத்தி நாற்பத்து நாலு மாசம் பாக்கி இருந்தது, இருநூத்தி இருபத்து நாலு ஆயிடுச்சு."

"யாரும் சொல்லலையே?"

"வருஷா வருஷம் கடிதம் வந்திருக்குமே சார்."

வந்தது. பிரித்தும் பார்த்தேன். 'மாதத் தவணை' என்ற வரியை மட்டும் பார்ப்பேன். அதே எண் இருக்கும். என் வெற்றி அப்படியே இருக்கிறதா என்று சரிபார்த்துவிட்டு அலமாரியில் போட்டுவிடுவேன்.

அந்தப் பெண் நல்ல பெண். பொறுமையாகச் சொன்னாள். வட்டி ஏறிய மாதம் நான் கட்டிய இருபதாயிரத்தில் பதினெட்டாயிரத்துச் சொச்சம் வட்டிக்கே போய்விட்டதாம். அசலில் கழிந்தது இரண்டாயிரம். அதற்குப் பிறகு மாதாமாதம் அந்த இரண்டாயிரம் எறும்பு மாதிரி ஊர்ந்து ஊர்ந்து வளர்ந்திருக்கிறது. வாங்கியது இருபது லட்சம். கட்டியது முப்பத்தாறரை லட்சம். இன்னும் பாக்கி அசல் பதினோரு லட்சம். கடைசி வரை இப்படியே கட்டினால் மொத்தம் ஐம்பத்திரண்டே முக்கால் லட்சம்.

"அன்னிக்கு அந்த மூவாயிரத்து நானூறைக் கூடக் கட்டியிருந்தா?" என்றேன்.

கணக்கு இயந்திரத்தைத் தட்டினாள். "மொத்தமா அஞ்சு லட்சம் சேர்த்துக் கட்டியிருப்பீங்க. இந்த மாசத்தோட முடிஞ்சிருக்கும். இப்போ அந்த எண்பது தவணை பதினாறு லட்சத்துக்கு மேல வருது."

அந்தப் பருத்த மேனேஜர் விட்ட பெருமூச்சு எனக்கு நன்றாகத் தெரிந்த பெருமூச்சு. நான் தினம் நான்கு தடவை விடுகிறேன். மீட்டர் விலையை எனக்கு விட்டுக்கொடுத்துவிட்டு மடிப்பில் எடுத்துக்கொண்டார். சொந்தக் கடைச் சரக்கையே சொந்தத் தலையில் கட்டிக்கொண்ட வியாபாரி உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

"தண்ணி வேணுமா சார்?"

"வேண்டாம்மா. எண்பது மாசம்னா எத்தனை வருஷம்?"

"ஆறு வருஷம் எட்டு மாசம்."

எனக்கும் தெரியும். வேறு யாராவது சொல்லிக் கேட்டால் குறையுமோ என்று ஒரு நப்பாசை.

வீட்டுக்கு வந்தபோது பன்னிரண்டு மணி. அவளுக்கு இரண்டரைக்குத்தான் சாப்பாட்டு இடைவேளை. படுக்கையறை ஜன்னலுக்குப் போன வாரம்தான் புதுத் திரை போட்டிருந்தேன், அவளுக்குப் பிடித்த இலைப்பச்சை. மதிய வெயில் அதன் வழியாக வந்து, யாரும் உட்காராத நாற்காலியைப் பச்சையாக்கிக்கொண்டிருந்தது. இரண்டரை மணி நேரம் நான் பேச்சை ஒத்திகை பார்த்தேன். அவள் கத்துவாள். "படிக்காமலா கையெழுத்துப் போட்டீங்க?" என்பாள். ஆறு வருஷம் முடியாது, நகையை வித்து மூணா முடிங்க என்பாள். நான் நாலு என்பேன். எங்காவது வந்து நிற்போம். அவள் பேரம் பேசினால் எனக்கே வியர்க்கும். அவளைக் கல்யாணம் செய்துகொண்ட காரணங்களில் அதுவும் ஒன்று.

இரண்டரைக்குப் போன் பண்ணினேன். இரண்டாவது ரிங்கிலேயே எடுத்தாள்.

"என்ன கடைக்காரரே, பத்திரம் வந்துடுச்சா?"

"வரலை." ஒரே மூச்சில் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கையெழுத்து, மூவாயிரத்து நானூறு, எண்பது. எதையும் குறைக்கவில்லை.

அந்தப் பக்கம் பாத்திரங்கள் உரசும் சத்தம் கேட்டது. யாரோ இருமினார்கள்.

"சரி" என்றாள்.

"என்ன சரி?"

"சரி, ஆகட்டும். ஆறு வருஷம்தானே. ஓடிடும். நீங்க மனசைப் போட்டு அலட்டிக்காதீங்க. சாப்டீங்களா?"

கடையில் நான் பயப்படும் வாடிக்கையாளர் ஒருவர்தான். ஐந்நூறு கேட்டால் ஐந்நூறுக்குத் தலையாட்டுகிறவர், எதையும் குறை சொல்லாதவர், "நல்லாயிருக்குங்க, பார்க்கிறேங்க" என்கிறவர். பொருள் வேண்டுமென்பவன்தான் சண்டை போடுவான். இவர் வாசலில் விட்ட செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்.

"சிஸ்டர்" என்றேன், "அந்த ராஜினாமாக் கடிதம் எழுதி வச்சிருக்கேன்னு சொன்னியே. அதைக் கிழிச்சுடாதே. வீட்டை வித்துடறேன். கடன் போக ஏதோ மிஞ்சும். ஒரு சின்ன வாடகை வீடு பார்ப்போம்."

"எழுதலை."

"என்ன?"

"கடிதம் எழுதலை. போன மாசத்துலேர்ந்து மூணு தடவை உக்காந்தேன். 'மதிப்பிற்குரிய'ன்னு போட்டேன். அதுக்கு மேல வரலை." குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "ஏங்க, கோவிச்சுக்காதீங்க. இங்க முப்பது கட்டிலு இருக்கு. காலையில நான் உள்ள நுழைஞ்சா முப்பது பேர் திரும்பிப் பார்க்கிறாங்க. அங்க வந்து அந்த நாலு ரூமுக்குள்ள நான் என்ன பண்ணப் போறேன்? எனக்கு அந்த வீட்டுல சுவிட்ச் எங்க இருக்குன்னே மறந்து போச்சு. போன தடவை ராத்திரி எந்திரிச்சு பாத்ரூம் விளக்கைத் தேடினேன், உங்களுக்குத் தெரியாது."

தெரியும். விழித்துத்தான் இருந்தேன். இடது பக்கம் என்று சொல்லலாமா என்று யோசித்துக்கொண்டே படுத்திருந்தேன்.

"அப்போ பத்திரம் வந்திருந்தா என்ன சொல்லியிருப்பே?"

"தெரியலை. பத்திரம் வரலைன்னு நீங்க சொன்னதும் எனக்கு..." நிறுத்தினாள். நிம்மதியாக இருந்தது என்ற வார்த்தையை அவள் சொல்லவில்லை. அந்த மட்டுக்கு அவள் நல்லவள்.

அந்தச் சின்னப் பெண்ணின் திரையில் எல்லாம் இருந்தது. அசல், வட்டி, பாக்கி, தேதி வாரியாக. இந்தத் தொகை எந்தப் பத்தியிலும் இல்லை.

"வீட்டை வித்துட்டு அங்கயே வந்துடறேன்" என்றேன்.

"அப்படி வராதீங்க." இந்தத் தடவை குரல் கெட்டியாக வந்தது. "எல்லாத்தையும் வித்துட்டு வந்து வாசல்ல நின்னா நான் எப்படிங்க முகத்தைத் திருப்பிக்கிறது? என் தலையில அந்தப் பாரத்தைக் கட்டாதீங்க."

என்னிடம் அதற்கு மேல் தராசில் வைக்க எதுவும் இல்லை. பேரம் தெரிந்தவனுக்கு அது எந்த இடம் என்று தெரியும்.

"சரி. விக்காம வர்றேன்" என்றேன். "ஒரு வாரம் கடையைச் சாத்திட்டு வர்றேன். விடுதிக்குப் பக்கத்துல நாள் வாடகைக்கு ஒரு அறை பார்த்துக்கிறேன். நீ வேலைக்குப் போ. சாயங்காலம் டீ குடிக்க மட்டும் வா. தோணினா வா."

வைத்துவிட்டாளோ என்று போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன். நொடிகள் ஓடிக்கொண்டிருந்தன.

"நாள் வாடகையா?" என்றாள். "இங்க நாளுக்கு எண்ணூறு கேப்பான் கொள்ளைக்காரன். பின் தெருவுல டெய்லர் மாடியில ஒரு ரூம் இருக்கு. மாசத்துக்கு ஆறாயிரம். எட்டு நாள் தங்கினாலே மாச வாடகைதான் லாபம். கணக்குத் தெரியாத ஆளு மாதிரி பேசாதீங்க."

"அப்போ மாசமாப் பேசட்டுமா?"

"வார்டுல கூப்பிடறாங்க. நம்பர் அனுப்பறேன்" என்று வைத்துவிட்டாள்.

கணக்குச் சொன்னாளா, என்னைக் கூப்பிட்டாளா என்று எனக்குப் பிடிபடவில்லை. இருபத்தெட்டு வருடம் மனிதர் முகத்தைப் பார்த்து விலை சொன்னவன். முகம் தெரியாத இடத்தில் நான் பச்சைப்பிள்ளை. எண் வர நாற்பது நிமிடம் ஆனது. அதுவரை நாற்காலியின் பச்சை மெல்லத் தரைக்கு இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எண் வந்ததும் கூப்பிட்டேன். டெய்லர் இரண்டு கேள்விதான் கேட்டார். எந்தத் தேதியிலிருந்து என்றார், நாளை என்றேன்.

"எத்தனை பேர் சார்?"

"இப்போதைக்கு ஒருத்தர்" என்றேன்.