சாராயம் விற்றவனுக்குப் பாட்டு இல்லை

எழில்மதிக்கு மூக்கின் மேல் கோபம் என்று கூத்துச் செட்டில் எல்லோரும் சொல்வார்கள். வராமல் என்ன செய்யும்? இத்தனை வருடமும் ஆர்மோனியம் வாசித்து, அடுத்தவர் பாட்டுக்கு மெட்டுப் போட்டுக் கொடுத்தே காலம் போனது. இப்போதுதான் ஒரு நாடகம் முழுவதற்கும் அவளே பாட்டுக் கட்டி, நோட்டீஸிலும் அவள் பெயர் வந்திருந்தது. கள்ளச்சாராயம் குடித்துச் செத்தவர்களின் கதை. மேடை அவர்கள் செத்த கருணாபுரத்திலேயே. செத்தவர்களில் அவளுடைய அப்பாவும் ஒருவர்.

கூத்தில் எந்த வேஷமும் இரண்டு பேர் பிடிக்கும் திரைக்குப் பின்னால் நின்று, தன் பெருமையைத் தானே பாடிக்கொண்டுதான் சபைக்கு வரும். ராஜாவானாலும் ராட்சசனானாலும் அதுதான் வழக்கம். எழில்மதி எல்லா வேஷத்துக்கும் திரைப்பாட்டுக் கட்டினாள். சாராயம் விற்றவனுக்கு மட்டும் கட்டவில்லை. அவனுக்குத் திரை பிடிக்கக்கூடாது, மத்தளம் அடிக்கக்கூடாது, ஓரமாக நுழைந்து வரட்டும் என்று சொல்லிவிட்டாள்.

அந்த வேஷம் ஜெயப்பிரகாஷுக்கு. ராஜா வேஷம் கட்டியே பேர் வாங்கிய மனுஷன். பாட்டில்லாமல் வந்தால் தன்னை எவன் மதிப்பான் என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். செட்டு முதலாளி கலையரசன் சரி சரி என்று எழில்மதியிடம் தலையாட்டிவிட்டு, அவளுக்குத் தெரியாமல் அவருக்கு ஒரு பாட்டை வேறு ஆளிடம் கட்டச் சொல்லி வாங்கிவிட்டார். மத்தளக்காரர் பிச்சைமுத்துவும் அதற்கு உடந்தை. நாடகத்தைக் கட்டியவளிடம் ஒரு வார்த்தை சொல்ல இவர்களுக்கு வாய் வரவில்லை.

பொழுது சாய்ந்து கூத்துத் தொடங்கியது. முன்வரிசையில் எழில்மதியின் அம்மா ரங்கம்மாள். சாராயம் விற்றவன் வர வேண்டிய இடத்தில் திடீரென்று திரை பிடித்தார்கள். மத்தளம் அதிர்ந்தது. தலையில் கிரீடத்தோடு ஜெயப்பிரகாஷ், ஊரை ஆளும் ராஜன் நானே வந்தேன் என்று பாட்டெடுத்தார். பையன்கள் விசிலடித்தார்கள்.

வேஷக்காரர் ஓர் அடி பாடினால், பக்கத்தில் உட்கார்ந்து வாசிப்பவர்கள் அதையே திருப்பிப் பாட வேண்டும். பாடாமல் அவர் அடுத்த அடிக்குப் போக முடியாது. எழில்மதி ஆர்மோனியத்திலிருந்து கையை எடுத்துவிட்டாள். பாட வாயைத் திறந்த பிச்சைமுத்து, அவள் முகத்தைப் பார்த்ததும் மூடிக்கொண்டார். ஜெயப்பிரகாஷ் அதே அடியை மறுபடி பாடினார். யாரும் வாங்கிப் பாடவில்லை. மறுபடியும் பாடினார். கூட்டத்தில் சிரிப்புக் கிளம்பியது.

ரங்கம்மாள் எழுந்து நின்றாள்.

"எங்க வூட்டுக்காரரும் அன்னிக்கு அந்தச் சாராயத்தக் குடிச்சிட்டுப் பாடிக்கினேதான் வந்தாரு. விடியறப்போ கண்ணு தெரியலன்னு என் கையத் தேடினாரு. நீ இன்னாத்துக்கு ராஜான்னு பாடுற?"

மத்தளம் நின்றது. ஜெயப்பிரகாஷ் கிரீடத்தைக் கழற்றிக் கீழே வைத்துவிட்டு உள்ளே போனார். கொஞ்ச நேரம் கழித்து, ஒரு சத்தமும் இல்லாமல், மேடையின் ஓரமாக வந்தார். கூட்டத்திலிருந்து ஒரு செருப்பு பறந்து அவர் தோளில் விழுந்தது. அதற்கு மேல் எழில்மதிக்கு ஒரு பாராட்டும் தேவைப்படவில்லை.

ஆட்டம் முடிந்ததும் கலையரசன் குதித்தார். இனிமேல் அவள் பாட்டு தன் மேடையில் ஏறாது என்றார்.

"ஏற வேணாம்ணே. இன்னிக்கு ஏத்துனீங்களே ஒரு பாட்டு, அதுக்கு எங்கம்மாகிட்ட மன்னிப்பு கேளுங்க. கேக்காம இந்தப் பொட்டியத் தூக்க வுட மாட்டேன்," என்று ஆர்மோனியத்தின் மேல் உட்கார்ந்துவிட்டாள்.

ஊர் சுற்றி நின்று பார்த்தது. வேறு வழியில்லாமல் கலையரசன் ரங்கம்மாள் முன்னால் போய்க் கையைக் கூப்பினார். அவள் அவரை ஏறிட்டும் பார்க்கவில்லை. மகளிடம்தான் கேட்டாள்:

"கடைசியா ஓரமா வந்தானே, அதான் நீ கட்டுனதா?"

"ஆமாம்மா."

"அத யாரு சொன்னாலும் மாத்தாத."