சிம்சிமுக்கு வேண்டிய மூன்று நாள்

சஃபினாஸ் கேட்டது மூன்றே மூன்று நாள். யாரும் கதவைத் தட்டக் கூடாது, எதுவும் வெடிக்கக் கூடாது, படிக்கட்டில் யாரும் தடதடவென்று ஓடக் கூடாது. கெய்ரோவில், அதுவும் நெரிசல் மிகுந்த ஷுப்ராவில், அதுவும் குர்பானிப் பெருநாள் நெருங்குகிற வாரத்தில் ஒருத்தி இதைக் கேட்கிறாள் என்றால் அவளுக்கு மறை கழன்றுவிட்டது என்றுதான் நாலு பேர் சொல்வார்கள். சொன்னார்கள். அவளும் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். நாய்க்காகக் கேட்கிறோம் என்ற கூச்சமெல்லாம் அவளுக்கு எப்போதோ போய்விட்டது.

நாயின் பெயர் சிம்சிம். எள் நிறம், அரபியில் எள் என்றே பெயர். தெருவில் பிறந்த சாதாரண நாட்டு நாய். மூன்று வருடத்துக்கு முன்னால், அவள் வேலை செய்யும் மருந்துக்கடை வாசலில், கழுத்தில் கம்பி இறுகிக் கிடந்ததைத் தூக்கிக்கொண்டு வந்தாள். அவளிடம் அது பூனைக்குட்டி. மற்றவர்களிடம்தான் வம்பு. இரண்டு மாதத்துக்கு முன் எரிவாயு மீட்டர் பார்க்க வந்தவனின் கெண்டைக்காலைப் பதம் பார்த்துவிட்டது. கட்டடச் சங்கம் கூடியது. தலைவர் ஹாஜி மித்வல்லி, தரையில் பதிக்கிற கல் வியாபாரி, ஐந்து மாடிக்கும் ஒலிபெருக்கி தேவைப்படாத குரல்காரர், அவளை நடுக்கூடத்தில் நிற்க வைத்துக் கையெழுத்து வாங்கினார். இன்னொரு முறை இந்த நாய் யாரைக் கடித்தாலும் அன்றைக்கே நகராட்சி வண்டியில் ஏற்றிவிட வேண்டும். வண்டியில் ஏறின நாய் எங்கே போகும் என்று எழுதவில்லை. எழுத வேண்டிய அவசியமும் இல்லை, எல்லோருக்கும் தெரியும்.

அதற்குப் பிறகுதான் கேப்டன் வக்தியைப் பிடித்தாள். மருந்துக்கடைக்காரியை டாக்டரம்மா என்பது போல, நாய் பழக்குகிறவர்களை அங்கே கேப்டன் என்றுதான் கூப்பிடுவார்கள். என்ன கப்பல் ஓட்டினாரோ!

"திடீர்னு கடிச்சிருச்சுன்னு சொல்றீங்களே டாக்டரம்மா, திடீர் நமக்குத்தான். அது ஒரு வாரமா சொல்லிக்கிட்டே இருந்திருக்கும்" என்றார் அவர். "மொட்டைமாடித் தண்ணித்தொட்டி இருக்கில்ல? ஒவ்வொரு பயமும் ஒரு வாளி. ஊத்த ஊத்த வெளிய ஒண்ணும் தெரியாது. நிரம்பினப்புறம் ஒரு டம்ளர் ஊத்தினாக்கூட வழியும். கடைசி டம்ளர் ஊத்தினவன் தலையில பழி."

"வடியாதா கேப்டன்?"

"வடியும். மூணு நாளாவது ஆகும். அந்த மூணு நாள்ல மறுபடி யாரும் ஊத்தாம இருக்கணும். அது உங்க கையில."

அவள் கையில்! அந்த வாரம் எது அவள் கையில் இருந்தது?

திங்கட்கிழமை லிஃப்ட் நின்றது. அதே திங்கட்கிழமை, ஹாஜி வாங்கின கிடா வந்து சேர்ந்தது. கழுதை உயரம், சுருண்ட கொம்பு. அதைக் கொண்டுவந்து நேரே படிக்கட்டு அடியில் கட்டினார்கள். சிம்சிம் ஒன்றுக்குப் போக வேண்டுமென்றால் மூன்றாம் மாடியிலிருந்து இறங்கி அந்தக் கிடாவின் மூக்கை உரசிக்கொண்டுதான் போயாக வேண்டும். முதல் நாள் குரைத்தது. இரண்டாம் நாள் குரைக்கவில்லை, கொட்டாவி விட்டது. தூக்கக் கொட்டாவி இல்லை அது. உதட்டை நக்கி நக்கி, கண்ணின் வெள்ளை தெரிய, ஒரு மாதிரி பார்த்தது. பார்க்கிறவர்கள் "அட, பழகிருச்சு" என்றார்கள். சஃபினாஸ் மனதுக்குள் வாளிகளை எண்ணினாள். செவ்வாய்க்கிழமை சிம்சிமுக்கு வெறிநோய்த் தடுப்பூசி போடும் தவணை; தள்ளிப்போட்டால் அதற்கும் சங்கத்தில் கேள்வி வரும். போனாள். புதன் மேல்வீட்டில் ஏ.சி. மாட்டச் சுவரைத் துளைத்தார்கள். பெருநாளுக்கு முன் மாட்டிவிட வேண்டுமாம். வியாழனிலிருந்து பிள்ளைகள் சந்தில் பட்டாசு கொளுத்த ஆரம்பித்தன. சிம்சிம் வைத்த சோற்றை முகர்ந்துகூடப் பார்க்கவில்லை.

வேறு வழி தேடாமலும் இல்லை. தந்தா ஊரில் இருக்கும் அக்காவிடம் பேசினாள். "வீட்டுல மாமியார் அஞ்சு வேளை தொழுறாங்கடி. நாயோட எச்சில் பட்டா அத்தனை துணியும் துவைக்கணும். நீ மட்டும் வா" என்றாள் அக்கா. நாய் விடுதிகள் இரண்டு மாதத்துக்கு முன்பே நிரம்பிவிட்டிருந்தன. கால்நடை மருத்துவர் ஒரு மாத்திரை கொடுத்தார். ஒன்றரை மணி நேரம் முன்னால் கொடுத்தால் மிரட்சி அடங்கும். அவ்வளவுதான் கிடைத்தது. போர்வைகளை ஜன்னலில் தொங்கவிட்டாள், ரேடியோவில் இரைச்சலை வைத்தாள், கதவில் ஒரு தாள் ஒட்டினாள்: 'தயவுசெய்து மணியடிக்காதீர்கள். மூன்று நாள்.'

பெருநாள் காலை தொழுகை முடிந்து தெருவில் வாழ்த்துச் சத்தம் எழுந்தபோது அவள் ஜன்னல் வழியே காவல்காரர் பய்யூமியைக் கூப்பிட்டாள்.

"பய்யூமி மாமா! கசாப்புக்காரர் எத்தனை மணிக்கு?"

"பத்துக்கும்மா. நம்ம வீடு அவனுக்கு ஆறாவது."

"நிச்சயமா?"

"பெருநாளன்னிக்குக் கசாப்புக்காரன் அமைச்சரைவிடப் பெரிய ஆளு. அவன் சொன்னா சொன்னதுதான்!"

எட்டரைக்கு மாத்திரை என்று கணக்குப் போட்டாள். ஏழேகாலுக்குக் கீழே கத்தி தீட்டுகிற சத்தம் கேட்டது. அந்தப் பெரிய ஆளுக்கு முதல் வீட்டில் மாடு அறுத்துக்கொண்டு ஓடிவிட்டதாம். அதைப் பிடிப்பதற்குள் இங்கே ஒன்றை முடித்துவிடலாமென்று வந்துவிட்டான். போதாக்குறைக்கு பய்யூமி சந்தோஷமாகக் கத்தினார்: "டாக்டரம்மா, சீக்கிரமே வந்துட்டான்! அதிர்ஷ்டம்!"

அதிர்ஷ்டமாம். நாசமாய்ப் போக.

காலையிலேயே சிம்சிமுக்கு வாய்ப்பூட்டு மாட்டியிருந்தாள். மாத்திரை கொடுக்க அதைக் கழற்ற வேண்டியதாயிற்று. பாலாடைக்கட்டியில் வைத்துக் கொடுத்தாள், துப்பிற்று. கறித்துண்டில் வைத்தாள், திரும்பிக்கொண்டது. கீழே கிடா ஒரு முறை கத்தியது, பிறகு கத்தவில்லை. ஆட்களின் 'அல்லாஹு அக்பர்' முழக்கம் படிக்கட்டு வழியாக மேலே ஏறி வந்தது, அதன் பின்னாலேயே ரத்த வாசம். சிம்சிம் சாப்பாட்டு மேசைக்கு அடியில் போய்ச் சுவரோடு ஒட்டிக்கொண்டது. நடுங்குகிற நாயை இழுக்கக் கூடாது என்று கேப்டன் சொன்னது நினைவிருந்தது. இழுக்கவில்லை, வாய்ப்பூட்டையும் திரும்ப மாட்ட முடியவில்லை. மாத்திரையை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தாள். மருந்துக்கடையில் பதினைந்து வருஷம் நின்றவள், ஒரு மாத்திரையை ஒரு வாய்க்குள் போட வக்கில்லையே என்று அவளுக்கு அழுகை வந்தது.

அப்போதுதான் கதவில் தொப்பென்று ஒரு அறை விழுந்தது.

"வருஷா வருஷம் நல்லா இருக்கணும் டாக்டரம்மா!" ஹாஜி மித்வல்லியின் குரல். "பாத்தீங்களா, மணி அடிக்கல! எழுதிப் போட்டிருக்கீங்கன்னு கையால தட்டினேன். கதவுல பரக்கத்துக்கு ஒரு கையும் வச்சாச்சு, கண்ணு படாம இருக்கட்டும்!"

அறுத்த ரத்தத்தில் கையைத் தோய்த்துக் கதவில் பதித்திருக்கிறார். ஷுப்ராவில் அது ஆசீர்வாதம். சஃபினாஸ் கதவருகே போனாள்.

"ரொம்ப நன்றி ஹாஜி. உங்களுக்கும் நல்லா இருக்கட்டும். நான் அப்புறமா கீழ வர்றேன்."

"எதுக்கு வரணும்? நானே வந்துட்டேனே. மூணு நாளைக்கு யாரும் வராதீங்கன்னு எழுதிப் போட்டிருக்கீங்க. என் வீட்டுக்காரி படிச்சிட்டு அழுதுட்டா, தெரியுமா? 'தனியா இருக்கிற பொண்ணு, நாம அன்னிக்குக் கூடத்துல நிக்க வச்சுக் கையெழுத்து வாங்கினதுல மனசு விட்டுப்போச்சு'ன்னா. பெருநாளன்னிக்கு மனஸ்தாபம் வச்சுக்கலாமா? அதான் முதல் பங்கு உங்களுக்கு. தொடைக்கறி!"

அட கடவுளே. நாய்க்காக ஒட்டின தாளை அவர் கோபித்துக்கொண்டவளின் கடிதமாகப் படித்திருக்கிறார்!

"இல்ல ஹாஜி, மனசுல ஒண்ணும் இல்ல, சத்தியமா. நாய் மிரண்டு கிடக்கு. கறியை வாசல்ல வச்சிட்டுப் போங்க, எடுத்துக்கறேன்."

"வாசல்லயா?" குரல் ஒரு மாடி உயர்ந்தது. "அல்லாஹ் பேரைச் சொல்லி அறுத்த கறியைத் தரையில வைக்கவா?"

"கைப்பிடியில மாட்டிடுங்க."

"பையில இல்லம்மா, தாம்பாளத்துல இருக்கு. உங்களுக்குப் பைல போட்டுக் குடுப்பேனா? என்னை என்னன்னு நெனச்சீங்க?"

வாங்காமல் விட முடியாது. பெருநாள் கறியைத் திருப்பி அனுப்பினவளோடு அந்தக் கட்டடத்தில் அப்புறம் ஒருவரும் பேச மாட்டார்கள், இவளுடைய கையெழுத்துத் தாளோ அவருடைய அலமாரியில் இருக்கிறது. அவள் மேசைப் பக்கம் பார்த்தாள். சிம்சிம் அசையவில்லை. சங்கிலியை மாட்டிக்கொண்டே நாலு விரல் அளவுக்குத் திறந்தாள். தாம்பாளம் நுழையவில்லை. எப்படி நுழையும், வண்டிச்சக்கரம் மாதிரி இருந்தது. ஹாஜி சாய்த்துப் பார்த்தார், ரத்தம் சொட்டிற்று. "கொஞ்சம், கொஞ்சமே கொஞ்சம்" என்றார். அவள் சங்கிலியை எடுத்தாள்.

குரைத்திருந்தால் சாத்தியிருப்பாள். உறுமியிருந்தாலும் சாத்தியிருப்பாள். ஒரு சத்தமும் இல்லை. முழங்காலுக்குப் பக்கத்தில் காற்று மாதிரி ஏதோ போயிற்று. தாம்பாளத்துக்கு அடியில், ஹாஜியின் சிவந்த மணிக்கட்டுக்கு நேராக அந்த வாய் திறந்ததை அவள் மட்டும்தான் பார்த்தாள். யோசிக்கவெல்லாம் நேரமில்லை. இடது கையை அதன் வாய்க்குள் கொடுத்தாள்.

பல் இறங்கியது. கட்டைவிரலுக்குக் கீழே, ஆழமாக. அவள் வாயை இறுக மூடிக்கொண்டாள். சிம்சிம் உடனே விட்டுவிட்டது, விட்டுவிட்டு மேசைக்கு அடியில் போய்ப் பதுங்கிக்கொண்டது. நடுவில் அந்தப் பெரிய தாம்பாளம் இருந்ததால் ஹாஜிக்கு ஒன்றுமே தெரியவில்லை. வலது கையால் அதை வாங்கிப் பக்கத்து அலமாரி மேல் வைத்தாள். இடது கை அவளை அறியாமல் கதவின் விளிம்பைப் பிடித்தது. விரல்களில் ரத்தம் வழிந்தது.

ஹாஜி அதைப் பார்த்தார். அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"அட, தட்டிலிருந்து கையில ஒட்டிக்கிச்சா! நல்லதுதான், நல்லதுதான்! துடைக்காதீங்க. அப்படியே என் கைக்குப் பக்கத்துல வையுங்க. வீட்டுக்காரி கையும் சேர்ந்தாத்தான் வீட்டுக்குப் பரக்கத்து!"

அவள் அவரைப் பார்த்தாள். கேலி இல்லை. அந்த மனிதர் உண்மையிலேயே சந்தோஷமாக நின்றார், வெள்ளை அங்கி முழுக்கச் சிவப்புத் தெறித்து, கண் கலங்கி. அவரிடம் என்ன சொல்வது? சொன்னால் சிம்சிம் மத்தியானத்துக்குள் வண்டியில் இருக்கும். சஃபினாஸ் கையை விரித்தாள். அவர் கை பதிந்த இடத்துக்குப் பக்கத்தில் வைத்து அழுத்தினாள். வலி தோள்பட்டை வரை ஏறியது. சிரித்தாள்.

"மாஷா அல்லாஹ்!" என்றார் ஹாஜி. எட்டிப் பார்த்தார். "நாய் எங்க? ஒரு சத்தம் இல்லையே! பாருங்க, திருந்திருச்சு. நான்தான் அன்னிக்கு அவசரப்பட்டுட்டேன். பேத்திங்க ரெண்டு பேரும் நாயைப் பாக்கணும்னு உசிரை எடுக்குதுங்க. நாளைக்குக் கூட்டிட்டு வர்றேன். பிஸ்கட் குடுத்துப் பழகட்டும், என்ன?"

நாளைக்கு வேண்டாம் என்று சொல்ல ஒரு காரணம் வேண்டும். அவளிடம் இருந்த ஒரே காரணத்தை வெளியில் சொல்ல முடியாது.

"வாங்க ஹாஜி" என்றாள்.

"இன்ஷா அல்லாஹ், அஸர் தொழுகைக்கு அப்புறம்!"

அவர் இறங்கிப் போனார். அவள் கதவைச் சாத்தி, சங்கிலி போட்டு, கேப்டனுக்குப் போன் அடித்தாள். பெருநாளுக்கு ஊருக்குப் போயிருந்தார் போல, மணி போய்க்கொண்டே இருந்தது. கைக்குட்டை நனைந்துவிட்டது. மேசைக்கு அடியில் வால் மெல்லத் தரையைத் தட்டியது. சிம்சிம் வயிறு தரையில் படத் தவழ்ந்து வந்தது, காதுகளைப் பின்னால் மடித்துக்கொண்டு, மூன்று வருடமாக அவள் வேலையிலிருந்து திரும்பும்போதெல்லாம் வருவது போலவே. அவளுடைய கையை நக்க வந்தது.

அவள் பின்னால் நகர்ந்தாள். நகர்ந்தது அவளுக்கே பிறகுதான் தெரிந்தது. இன்னும் ஒரு அடி வந்தது, இன்னும் ஒரு அடி நகர்ந்தாள். குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள்.

குழாயைத் திறந்தாள். சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் பதினைந்து நிமிஷம் கழுவ வேண்டும். கடைக்கு வருகிறவர்கள் எத்தனை பேருக்கு இதை ஒப்பித்திருக்கிறாள். ஊசி போட்ட நாய், அதில் பயம் இல்லை. தண்ணீர் சிவப்பாக ஓடி, வெளிறி, தெளிந்தது. வெளியில் நகம் கதவைச் சுரண்டியது. பலமாக இல்லை. சுரண்டி, நிறுத்தி, அவள் இருக்கிறாளா என்று மோந்து பார்த்து, மெல்ல முனகியது. பயந்த நாய்க்குப் போக இருந்த ஒரே இடம் அவள்தான், அங்கேதான் அது வந்து நின்றது.

"இதோ வர்றேன்டா கண்ணு" என்றாள். "இதோ, இதோ வந்துட்டேன்."

பதினைந்து நிமிஷம் எப்போதோ முடிந்துவிட்டது. குழாயை மூடினாள். தாழ்ப்பாளில் கையை வைத்தாள், எடுத்தாள், மறுபடி வைத்தாள். சுரண்டல் நிற்கவில்லை. ஆண்டவனே, எனக்கு இதைப் பார்த்தால் பயமாக இருக்கிறதே என்று முதல் முறையாக வாய்விட்டுச் சொன்னாள். சொல்லிவிட்டு, அது கேட்டிருக்குமோ என்று வாயைப் பொத்திக்கொண்டாள்.