முதலில் வந்த கொடி

பெட்டி வரவில்லை. மதுரையிலிருந்து பஸ்ஸில் வரவேண்டிய படச்சுருள் எங்கே மாட்டிக்கொண்டதோ, சின்னாளப்பட்டி டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து உட்கார்ந்திருந்த சனம் விசிலடிக்கத் தொடங்கிவிட்டது. முதலாளி ரங்கசாமி ஆபரேட்டர் ரூமுக்குள் தலையை நீட்டினார்.

"கிதரு, நீ ஒட்டி வச்சிருக்கியே ஒண்ணு, அத ஓட்டு அப்பு. பெட்டி வார வரைக்கும் சனம் உக்காந்திருக்கட்டும்."

ஆபரேட்டர் கிதர் முகம்மது தன் சுருளை எடுத்து மெஷினில் மாட்டினார். படத்துக்கு முன்னால் போடும் அரசாங்க நியூஸ் ரீலில் அறுந்து விழுந்த துண்டுகளை வருஷக்கணக்கில் பொறுக்கி ஒட்டி, அவர் தானாக ஒரு படம் செய்திருந்தார். அதில் அணை திறந்த தண்ணீர் அணிவகுப்பின் பூட்ஸ் கால்களுக்குள் பாயும். வெள்ளம் பார்க்க வந்த மந்திரி கையாட்டினால் பஞ்சத்து மாடு திரும்பிப் பார்க்கும். தேசம் என்றால் எது என்று அவர் மனசைக் குடைந்த கேள்வியை அவருக்கு அப்படித்தான் கேட்கத் தெரிந்தது. மனைவி ஜெய்தூன் பீவி அந்தத் துண்டுகளை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டு, "இம்புட்டு பெரிய தேசத்துல நம்ம ஊரு சனம் ஒருத்தரக்கூடக் காணோமே" என்று சொல்லிவிட்டாள். அந்தச் சொல் முள்ளாகத் தைத்துக் கிடந்தது. இன்றைக்கு நாலு பேர் பார்த்து, இது நம்ம படம் என்று சொல்லிவிட்டால் போதும் அவருக்கு.

ஆட்டம் முடிந்ததும் தேசியக்கொடி காட்டுவதைத் திண்டுக்கல் தியேட்டர்கள் விட்டுவிட்ட பிறகும், அந்த எண்பத்திரண்டில் கூட, இந்தக் கொட்டகை விடவில்லை. ஆனால் அதை எழுந்து வீட்டுக்குக் கிளம்பும் சனத்தின் முதுகுகள்தான் பார்க்கும். ஒரு நாளாவது முகங்கள் பார்க்கட்டுமே என்று கிதர் தன் படத்தைக் கொடியில் ஆரம்பித்திருந்தார்.

விளக்கணைந்தது. கொடி பறந்தது. கொட்டகை மொத்தமும் எழுந்துகொண்டது.

"கொடி போட்டாச்சு. இனி பெட்டி வராது, கெளம்பு புள்ள" என்றது ஒரு குரல். மணலைத் தட்டினார்கள், செருப்பைத் தேடினார்கள். அவரே பழக்கிவிட்ட சனம்தானே, வேறு என்ன செய்யும்! "உக்காருங்கப்பா, இனிமேத்தான் படமே!" என்று கத்தினார். மெஷின் சத்தத்தில் யார் காதில் விழும்? நிறுத்திவிடலாம் என்று சுவிட்சில் கை வைத்தார்.

"நிப்பாட்டிப்புடாதீக!"

ரூமை ஒட்டிப் பெண்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஜெய்தூன் மட்டும் எழவில்லை. திரையைக் கைகாட்டினாள். கிதர் ஓட்டை வழியாகப் பார்த்தார். எழுந்து நின்றவர்களின் நிழலெல்லாம் கொடியில் விழுந்திருந்தது. கொண்டைகள், உருமாக்கட்டுகள், கூடை வைத்த ஒரு தலை. அப்பன் தோளில் இருந்த பிள்ளை ஒன்று தன் நிழலைக் கண்டுபிடித்துக் கையாட்டியது. அப்பன் நடப்பதை நிறுத்தித் திரும்பிப் பார்த்தான்.

கொடி முடிந்து, அணைத் தண்ணீர் திறந்துகொண்டது. அந்தச் சின்னக் கை தண்ணீருக்குள் இன்னும் ஆடிக்கொண்டிருந்தது.