மடிப்புக் கோடு

"உங்க பேட்ஜ்ல எவ்வளவு வந்திருக்கு?" என்று கேட்டார் மகப்பேறு டாக்டர்.

"ஜீரோ, டாக்டர்" என்றேன்.

"அப்பாடா." கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுச் சிரித்தார் அந்தம்மா. "எக்ஸ்ரே பிரிவுல வேலை பாக்கறவங்க வந்தா நான் கேக்கற முதல் கேள்வி அதுதான். ஜீரோன்னா கவலைய விடுங்க. பத்து வாரம் ஆகுது, துடிப்பு நல்லா இருக்கு. போய் நல்லா சாப்பிட்டுத் தூங்குங்க."

தலையாட்டிவிட்டு வெளியே வந்தேன். எட்டு வருடம் காத்திருந்து, முப்பத்தாறு வயதில் தங்கிய கரு. அந்த ஜீரோ பச்சைப் பொய் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் சொல்ல வாய் வரவில்லை. அந்தப் பொய்க்குக் கீழே என் கையெழுத்தும் இருக்கிறது.

பேட்ஜ் என்பது தீப்பெட்டி அளவில் இருக்கும் ஒரு பொருள். சட்டையில் மாட்டிக்கொண்டால், நம் உடம்பில் எவ்வளவு கதிர் பட்டது என்பதைத் தனக்குள் பிடித்துவைத்துக்கொள்ளும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வெளியே அனுப்பினால் அளந்து, ஆளுக்கு ஓர் எண் போட்டுத் தாள் அனுப்புவார்கள். எக்ஸ்ரே பிரிவில் இருப்பவர்களுக்கு அதைவிட்டால் வேறு சாட்சி கிடையாது. ஏனென்றால் இந்தக் கதிர்ச் சனியன் கண்ணுக்கும் தெரியாது, சுடவும் சுடாது.

எங்கள் ஆஸ்பத்திரியில் அதை யாரும் மாட்டுவதில்லை. நான் சேர்வதற்கு முன்பே வந்த வழக்கம் இது. பத்து வருடத்துக்கு முன்னால் யாரோ ஒருவருடைய பேட்ஜில் எண் எகிறிவிட்டதாம். விசாரணைக்கு ஆள் வந்து ஆபரேஷன் தியேட்டரை இரண்டு வாரம் மூடிவிட்டார்களாம். எலும்பு டாக்டர் தாம்தூம் என்று குதித்தாராம். உடனே எங்கள் இன்சார்ஜ் ஒரு வழி கண்டுபிடித்தார். எல்லாருடைய பேட்ஜையும் ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டுத் தன் அலமாரியில் வைத்துப் பூட்டினார். மூன்று மாதம் முடிந்ததும் டப்பா வெளியே வரும். "பணி நேரம் முழுவதும் அணிந்திருந்தேன்" என்று அச்சடித்த தாளில் நாங்கள் வரிசையாகக் கையெழுத்துப் போடுவோம். பூட்டிய அலமாரிக்குள் எந்தக் கதிர் வரும்? எல்லாருக்கும் ஜீரோ. அதனால் அவருக்கு நாங்கள் வைத்த பெயர் முட்டை.

"முட்டை சார் இந்தத் தடவையும் எல்லாருக்கும் முட்டை போட்டுட்டாரு" என்று தாள் வரும்போதெல்லாம் சிரிப்போம். ஆறு வருடம் நானும் கூடச் சேர்ந்து சிரித்திருக்கிறேன். இப்போது அதை நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ள வேண்டும் போலிருக்கிறது.

என் வீட்டுக்காரர் லிஃப்ட் மெக்கானிக். வேலை முடிந்து வந்து, நகக்கண்ணில் ஏறிய கிரீஸைப் பழைய பல்துலக்கியால் தேய்த்துக்கொண்டிருந்தவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"நீ மாட்டவே இல்லையா?"

"யாருமே மாட்டல."

"கையெழுத்து?"

"போட்டேன்."

குழாயை மூடிவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டார். இரும்புக் கயிற்றைக் கையால் தடவிப் பார்க்காமல் ஒருநாளும் லிஃப்டின் சோதனை அட்டையில் கையெழுத்துப் போடாத மனுஷன். நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூட எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

"சரி, விடு. இப்ப எவ்வளவு பட்டிருக்குன்னு எப்படிக் கண்டுபிடிக்கறது?" என்று மட்டும் கேட்டார்.

அதுதான் எனக்கும் தெரியவில்லை. எனக்கு மாதவிலக்கு எப்போதும் தாறுமாறு, அதனால் ஒன்பதாவது வாரம்வரை உண்டாகியிருப்பதே தெரியாது. அதுவரைக்கும் தினமும் தியேட்டரில் நின்றேன். எலும்பு டாக்டர் உடைந்த தொடைக்குள் கம்பி செருகும்போது "இன்னொரு ஷாட்", "இன்னும் ஒண்ணே ஒண்ணு" என்பார். நான் எக்ஸ்ரே மெஷினைத் தள்ளிக்கொண்டுபோய்க் கம்பி எங்கே போகிறது என்று படம் காட்டுவேன். எட்டாவது வாரத்திலிருந்து குழந்தையின் மூளை வளரும், அதிகக் கதிர் பட்டால் அதற்குத்தான் முதல் அடி என்று படித்துத்தான் இந்த வேலைக்கு வந்தேன். எங்கள் பரீட்சையில் அது பத்து மார்க் கேள்வி. எனக்குப் பத்துக்குப் பத்து.

மறுநாள் காலை நேராக முட்டையின் அறைக்குப் போனேன்.

"வாங்கம்மா, விசேஷமாமே? ரொம்ப சந்தோஷம்" என்றார்.

"சார், எனக்கு எவ்வளவு பட்டிருக்குன்னு உண்மையான கணக்கு வேணும்."

"தாள்லதான் இருக்கே."

"தாள்ல இருக்கறது உங்க அலமாரிக்குப் பட்டது சார். எனக்குப் பட்டது இல்ல."

அவர் முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது. கதவு சாத்தியிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டார். "ஏப்ரன் போட்டுத்தானே நின்னீங்க? உள்ள ஈயம் இருக்கு. எல்லாத்தையும் தடுத்துடும். சும்மா எதையாவது போட்டுக் குழப்பிக்காதீங்க."

"அந்த ஏப்ரன தொங்கவிடணும் சார். நாம ரெண்டா மடிச்சு நாற்காலி முதுகுல போடறோம். மடிக்க மடிக்க உள்ள இருக்கற ஈயம் விட்டுப்போகும். அதுக்குன்னு வாங்கின ஸ்டாண்ட் எங்க?"

எங்கே என்று எங்கள் இருவருக்கும் தெரியும். சக்கரம் வைத்த அந்த இரும்பு ஸ்டாண்ட் எலும்பு டாக்டரின் அறையில் இருக்கிறது. அதில் அவருடைய கோட்டும் குடையும் தொங்குகின்றன.

"கோட்டு கசங்குதுன்னு கேட்டாரு, குடுத்துட்டேன். இப்ப அதுக்கு என்ன? மடிச்சா என்ன ஆகப்போகுது? துணிதானே" என்றவர், குரலைத் தாழ்த்தி அப்பா மாதிரி பேச ஆரம்பித்தார். "இதப் பாருங்கம்மா. நாலு பேருக்குத் தெரிஞ்சா உங்க கையெழுத்தும்தான் மாட்டும். அவ்வளவு பயமா இருந்தா கலைச்சிடுங்க. என்ன வயசாயிடுச்சு உங்களுக்கு? இன்னொண்ணு உண்டாகாமலா போயிடும்?"

எனக்குக் காதெல்லாம் சுட்டது. எட்டு வருடம் எத்தனை ஊசி, எத்தனை மாத்திரை, எத்தனை பேருடைய இலவச ஆலோசனை. இந்த ஆள் வாயைத் திறந்து, கசங்கிய தாளைக் குப்பையில் போடச் சொல்வதுபோல் சொல்கிறார். மேசைமேல் தாள் பறக்காமலிருக்க வைக்கும் கனமான கண்ணாடிக் குண்டு ஒன்று இருந்தது. என் கை அதன் பக்கம் போனதை அவரும் பார்த்தார். நான் எழுந்து வெளியே வந்துவிட்டேன்.

தியேட்டரில் சிஸ்டர் அக்கா மட்டும் இருந்தாள். பதினைந்து வருடமாக அங்கே இருப்பவள், டாக்டர் கை நீட்டுவதற்கு முன்பே எந்தக் கருவி என்று தெரிந்தவள். நாற்காலி முதுகிலிருந்து நாலாம் நம்பர் ஏப்ரனை எடுத்தேன். நான் தினமும் மாட்டுவது அதைத்தான்.

"அக்கா, ஒரு கை பிடிங்க. இத எக்ஸ்ரே எடுக்கணும்."

"ஏப்ரனுக்கே எக்ஸ்ரேயா? அதுக்கு எங்க வலிக்குதாம்?" என்று கேட்டாள். ஆனால் என் முகத்தைப் பார்த்ததும் மறுபேச்சுப் பேசாமல் தூக்கிக்கொண்டு வந்தாள்.

எக்ஸ்ரே அறை மேசையில் அதை விரித்தோம். இருவரும் ஈயக் கண்ணாடி வைத்த சுவருக்குப் பின்னால் போனோம். பொத்தானை அழுத்தினேன். வருடத்துக்கு ஒருமுறை கட்டாயம் செய்யவேண்டிய சோதனை இது. எனக்குத் தெரிந்து ஒருமுறைகூட நடந்ததில்லை, பதிவேட்டில் மட்டும் வருடந்தோறும் நடந்துகொண்டிருக்கிறது.

ஈயம் நன்றாக இருந்தால் படம் முழுக்க வெள்ளையாக இருக்கவேண்டும். வெள்ளையாகத்தான் இருந்தது, நடுவில் மட்டும் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை ஒரு கறுப்புக் கோடு. சில இடத்தில் விரல் நுழையும் அகலம். தோளிலிருந்து முழங்கால்வரை தொங்கும் ஏப்ரனைச் சரிபாதியாக மடித்தால் மடிப்பு எங்கே வரும்? நான் அதை எடுத்து மாட்டிக்கொண்டு கோடு இருந்த இடத்தில் கை வைத்துப் பார்த்தேன். தொப்புளுக்குக் கீழே நாலு விரல்.

படத்தை ஃபிலிமில் போட்டு, தியேட்டர் வாசலில் இருக்கும் விளக்குப் பலகையில் மாட்டினேன். எலும்பு டாக்டர் வந்தவர் நின்று பார்த்தார்.

"நல்லா விலகியிருக்கே. எந்த எலும்பு இது?"

"எலும்பு இல்ல சார். என் ஏப்ரன்."

"ஓ" என்றார். அவ்வளவுதான். கை கழுவப் போய்விட்டார்.

அன்றே மகப்பேறு டாக்டரிடம் திரும்பப் போய், "அன்னைக்குச் சொன்ன ஜீரோ பொய், டாக்டர்" என்று ஆரம்பித்து ஒன்று விடாமல் சொன்னேன். கேட்டு முடித்ததும் என்னைக் கொஞ்சம் கோபமாகத்தான் பார்த்தார். பிறகு புற்றுநோய்ப் பிரிவில் கதிர் அளவைக் கணக்கிடும் பெண்ணுக்குப் போன் செய்தார். அந்தப் பெண் எங்கள் தியேட்டர் மெஷினின் நினைவிலிருந்து அந்த ஒன்பது வார ஆபரேஷன்களையும் தேதி தேதியாக எடுத்தாள். எத்தனை நிமிடம் கதிர் ஓடியது, நான் எந்தப் பக்கம் நின்றேன், எவ்வளவு தள்ளி நின்றேன் என்று துருவித் துருவிக் கேட்டாள். கோட்டின் அகலத்தை ஸ்கேல் வைத்து அளந்தாள். இரண்டு நாள் கழித்துக் கூப்பிட்டாள். என் வீட்டுக்காரரும் லீவு போட்டுவிட்டு வந்தார்.

"பயப்படற அளவு இல்ல. குழந்தைக்குக் கெடுதல் வரும்னு நாங்க நினைக்கற அளவுக்கு ரொம்ப ரொம்பக் கீழ. கலைக்கறதுக்கு இதுல எந்தக் காரணமும் கிடையாது" என்றாள்.

வீட்டுக்காரர் என் கையைப் பிடித்த பிடியில் வளையல் நெளிந்துவிட்டது. நான் அழுதேன்.

"ஆனா ஒண்ணு. இது அளந்த எண் இல்ல, உங்க ஞாபகத்த வச்சு நான் போட்ட கணக்கு. பேட்ஜ் மாட்டியிருந்தீங்கன்னா அத அளந்தே சொல்லியிருப்பேன்" என்றாள் அந்தப் பெண். வீடு திரும்பும் வழியெல்லாம் அந்த "ஆனா" கூடவே வந்தது. இனி இந்தக் குழந்தை பிறந்து, நடந்து, பேசி, பள்ளிக்கூடம் போய் ஒரு கணக்கில் தடுமாறினாலும் எனக்கு அந்தக் கறுப்புக் கோடு ஞாபகம் வரும். மற்ற அம்மாக்களுக்குக் கிடைக்கிற சாதாரணப் பயம்கூட எனக்கு வாய்க்காது.

அன்றே ஆஸ்பத்திரித் தலைவருக்கு இரண்டு பக்கக் கடிதம் எழுதினேன். பிஸ்கட் டப்பா, அலமாரி, ஸ்டாண்ட், நடக்காத சோதனை எல்லாம் எழுதி, "நானும் ஆறு வருடம் பொய்க் கையெழுத்துப் போட்டிருக்கிறேன்" என்றும் எழுதினேன். என் வீட்டுக்காரர் ஒவ்வொரு வரியாகப் படித்துவிட்டு, "இப்ப போடு" என்று பேனாவைக் கொடுத்தார்.

பத்து நாள் கழித்துப் பதில் வந்தது. முட்டையே தன் கையால் தியேட்டர் பலகையில் ஒட்டினார். கதிர்ப் பிரிவில் பணிபுரியும் பெண்கள் கருவுற்றால் உடனடியாக எழுத்தில் தெரிவிக்கவேண்டும். கருத்தரிக்கும் எண்ணம் இருந்தாலும் முன்கூட்டியே தெரிவிக்கவேண்டும். தெரிவிக்கத் தவறினால் நேரும் விளைவுகளுக்கு நிர்வாகம் பொறுப்பல்ல. கீழே எல்லாப் பெண்களும் கையெழுத்திட இடம். ஏப்ரனைப் பற்றியோ டப்பாவைப் பற்றியோ ஒரு எழுத்துக்கூட இல்லை. என்னை மறுநாளிலிருந்து பழைய ஃபைல்கள் வைக்கும் அறைக்கு மாற்றியிருந்தார்கள். கேட்டால் என் நன்மைக்காகவாம். ஆக, ஓட்டை ஏப்ரனில் இல்லை, எங்கள் வயிற்றில்தான் இருக்கிறது என்று முடிவு செய்துவிட்டார்கள்.

அக்கா அதை இரண்டு முறை படித்தாள். பக்கத்தில் விளக்குப் பலகையில் என் ஃபிலிம் இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"நாலாம் நம்பர உனக்கு முன்னாடி நான்தானே போட்டிருந்தேன்?"

"ஆமாக்கா."

"எனக்கு ரெண்டு தங்கல. உனக்குத் தெரியாது, ஏழெட்டு வருஷம் ஆச்சு, நீ வர்றதுக்கு முன்னாடி. மூணாம் மாசம் ஒண்ணு, நாலாம் மாசம் ஒண்ணு. வயித்துல ராசி இல்லாதவன்னு மாமியார் இன்னைக்கும் சொல்லிக் காட்டுவாங்க." ஃபிலிமில் கோட்டின்மேல் விரலை வைத்தாள். "இதுவா?"

பொய் சொல்ல எனக்கு இனி மனம் இல்லை. "தெரியலக்கா. காரணமே இல்லாமலும் கலையும். இதால இருக்க வாய்ப்பு கம்மிதான். ஆனா இது இல்லவே இல்லன்னு அடிச்சுச் சொல்ல என்கிட்ட ஒண்ணும் இல்ல."

"என் பேட்ஜ் தாள் பழைய ஃபைல்ல இருக்குமே?"

"இருக்குக்கா. எல்லாத்துலயும் ஜீரோ."

அவள் அழவில்லை. தலையை மட்டும் ஆட்டினாள். இழந்த வேதனையைத்தான் தடுக்கவில்லை, இதுதான் காரணம் என்றோ, இது காரணமில்லை என்றோ தெரிந்துகொண்டு ஒருமுறை ஓய்ந்து உட்காரவாவது விட்டார்களா? பிஸ்கட் டப்பாவில் அதையும் சேர்த்துப் பூட்டிவிட்டார்கள்.

நான் நேராக எலும்பு டாக்டரின் அறைக்குப் போனேன். அவர் தியேட்டருக்குள் இருந்தார். ஸ்டாண்டிலிருந்து குடையை எடுத்து ஜன்னலில் வைத்தேன். கோட்டை எடுத்துச் சரிபாதியாக மடித்து, நாற்காலி முதுகில் போட்டு, மடிப்பை உள்ளங்கையால் நன்றாக அழுத்தினேன். பிறகு ஸ்டாண்டைத் தள்ளிக்கொண்டு வராந்தாவில் நடந்தேன். எண்ணெய் காணாத சக்கரங்கள் கீச்கீச்சென்று கத்தியதில் வார்டிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். முட்டை ஓடிவந்தார்.

"என்னம்மா பண்றீங்க? அவர் கோட்டு! கசங்கிடும்!"

"மடிச்சா என்ன ஆகப்போகுது சார்? துணிதானே."

நான் ஏப்ரன்களை ஒவ்வொன்றாக எடுத்து ஸ்டாண்டில் தொங்கவிட்டேன். நாலாம் நம்பரை மட்டும் தரையில் போட்டேன். அக்கா அதைத் தாண்டி வந்து அவருக்கு முன்னால் நின்று கையை நீட்டினாள்.

"அலமாரிச் சாவி."

அவர் என்னைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், சுற்றி நின்றவர்களைப் பார்த்தார். நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது. பதினைந்து வருடமாக எந்த வார்த்தையையும் "சார்" சேர்த்தே அவரிடம் சொன்னவள் அவள். அன்று சேர்க்கவில்லை.

"சாவியக் குடு" என்றாள்.